மேடையின் குரலும் திரையின் மௌனமும்: அல்பேட் பாசர்மனின் திரைப் பிரவேசம்

ஜேர்மனிய மௌனத் திரைப்படத்தின் வரலாற்றினை எழுதுவோர் பலர், 1920இல் வெளிவந்த 'டாக்டர் கலிகாரியின் கூடம்' என்னும் படத்திலிருந்தே தமது ஆய்வினைத் தொடங்குவர். ஆயின், அதற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்னரே அந்நாட்டுத் திரைப்படம் தனது சமூகத் தகுதி பற்றிய பெரும் வழக்கொன்றினை எதிர்கொண்டிருந்தது. மேடையில் புகழ்பெற்ற நடிகன் ஒருவன் திரையில் தோன்றலாமா என்பதே அவ்வழக்கு. அதன் தீர்ப்பு அல்பேட் பாசர்மன் என்னும் நடிகருடன் நெருங்கிய தொடர்புடையது.

1867இல் மன்ஹைம் நகரிற் பிறந்த பாசர்மன் முதலில் இரசாயனவியல் பயின்றவர். பின்னர் மைனிங்கன் கோமகனின் நாடகக் குழுவிலே பயிற்சி பெற்று, பேர்லினில் ஒட்டோ பிராமின் அரங்கில் இப்சனின் பாத்திரங்களை ஏற்றுப் பெரும்புகழ் ஈட்டினார். 1909இல் மக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழுவிற் சேர்ந்தார். 1911இல் பிரெட்ரிக் ஹாசே என்னும் முதிய நடிகரிடமிருந்து இஃப்லண்ட் மோதிரம் அவருக்குக் கிடைத்தது. ஜேர்மன் மொழி மேடையின் தலைசிறந்த நடிகனாகத் தாம் கருதுபவருக்கு, அதனை வைத்திருப்பவர் விட்டுச்செல்லும் மரபு மோதிரம் அது. எனவே, பாசர்மனின் ஒவ்வொரு செயலும் அவருடைய தனிப்பட்ட விருப்பமாக மட்டுமன்றி, மேடையின் மரியாதையோடு தொடர்புடையதாகவும் கருதப்பட்டது.

அக்காலத்தில் மேடைக்கும் திரைக்கும் இடையிற் பகைமை நிலவியது. படமாளிகைகள் பெருகப் பெருக, நாடக அரங்குகள் தமது பார்வையாளரை இழந்துவிடுமோ என அஞ்சின. 1912இல் பேர்லின் நாடக உலகினர் திரைப்படத்துடன் ஒத்துழைப்பதில்லை என்னும் நிலைப்பாட்டை மேற்கொண்டனர். எனினும், அவ்வாண்டு முடிவதற்குள்ளேயே நாடகாசிரியர் சங்கம் படநிறுவனத்துடன் உடன்பாடு கண்டது. புகழ்பெற்ற எழுத்தாளரின் பெயரைத் தாங்கிய 'ஆசிரியர் திரைப்படம்' என்னும் வகை இவ்வாறே தோன்றியது. 1908இல் பிரான்சில் 'கீஸ் கோமகனின் கொலை' என்னும் படத்திற் புகழ்மிக்க மேடை நடிகர்கள் தோன்றியிருந்தமை இதற்கு முன்னுதாரணமாயிற்று.

தம்மைப் புகைப்படம் எடுப்பதற்கே இணங்காதவர் எனப் பெயர்பெற்றிருந்த பாசர்மன், 1913இன் தொடக்கத்தில் வெளிவந்த 'மற்றவன்' என்னும் படத்தில் நடித்தார். போல் லின்டாவின் நாடகமொன்றைத் தழுவிய அப்படத்தை மக்ஸ் மாக் நெறிப்படுத்தினார். ஹாலர்ஸ் என்னும் பேர்லின் சட்டத்தரணி இதன் நாயகன். ஒரே மனிதனுள் இரு ஆளுமைகள் இருத்தல் இயலும் என்பதை ஏளனம் செய்யும் அவன், குதிரையிலிருந்து வீழ்ந்த பின்னர் இரவு வேளைகளிற் குற்றவாளியாக மாறித் தன் வீட்டையே கொள்ளையிடத் துணைபோகின்றான். பகலில் தான் செய்ததை அவன் அறியான்.

இப்பாத்திரத் தேர்வு தற்செயலானதன்று என்பதே நமது கருத்து. மேடையில் ஓர் ஆளுமையிலிருந்து மற்றொன்றிற்கு மாறுவதைக் குரலின் ஏற்ற இறக்கத்தால் உணர்த்தலாம். மௌனத் திரையிலோ அக்கருவி கிடையாது. நிமிர்ந்த முதுகு கூனுதல், பார்வை மங்குதல், நடை தளர்தல் ஆகிய உடற்குறிகளே சொல்லின் இடத்தைப் பெறவேண்டியிருந்தது. அதே ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் வெளிவந்த 'பிராக் நகர மாணவன்' படத்துடன் இதனை ஒப்பிடுதல் பயன்தரும். ரைன்ஹார்ட்டின் குழுவைச் சேர்ந்த போல் வெகனரே அதன் நாயகன். அங்கும் இரட்டை மனிதனே கருப்பொருள்; ஆயின் அவ்விரட்டையை உண்டாக்கியது கீடோ சேபரின் ஒளிப்படக் கருவி. 'மற்றவன்' படத்தில் அதனை உண்டாக்கியது நடிகனின் உடல். முன்னது திரைக்கே உரிய வித்தை. பின்னது மேடை திரைக்கு அளித்த கொடை.

நாளேடுகளின் நாடக விமரிசகர்கள் இப்படத்தைப் பார்த்து எழுத முன்வந்தமை புதுமையாகும். சிலர் அவருடைய முகபாவத்தை வியந்தனர்; சிலர் அவருடைய சொல்லின்றி நடிப்பு முழுமைபெறாது என வருந்தினர். இரு சாராரும் ஓர் உண்மையை ஒப்புக்கொண்டனர் என்றே கொள்ளல் வேண்டும்: திரைப்படம் இனி விமரிசனத்திற்குரிய பொருளாகிவிட்டது.

பாசர்மன் அதன் பின்னரும் திரையைக் கைவிடவில்லை. அவ்வாண்டிலேயே மக்ஸ் மாக்கின் நெறியாள்கையில் 'அரசன்' என்னும் படத்தில் நடித்தார். 1922இல் ஏர்ன்ஸ்ட் லுபிட்ஷின் 'பாரோவின் மனைவி', 1923இல் அஸ்டா நீல்சனுடன் 'மண்ணின் ஆவி', 1929இல் 'செல்வி எல்சே' ஆகியவற்றிலும் தோன்றினார். ஆயினும் மேடையே அவருடைய முதன்மைக் களமாயிருந்தது.

அவருடைய பிற்கால வாழ்வு இவ்வாய்விற்குப் பிறிதொரு பொருளைத் தருகின்றது. அவருடைய மனைவி எல்சே யூத இனத்தவர். நாசி ஆட்சியில் அவர் மேடையேறத் தடையேற்பட்டதால் பாசர்மனும் ஜேர்மனியை விட்டு நீங்கி, இறுதியில் அமெரிக்காவை அடைந்தார். ஆங்கிலம் நன்கறியாத அவர், மனைவியின் துணையுடன் வசனங்களை ஒலியளவிலே மனனஞ்செய்து நடித்தார். 1940இல் வெளிவந்த அல்பிரட் ஹிச்கொக்கின் 'வெளிநாட்டு நிருபர்' படத்திற்காகச் சிறந்த துணைநடிகருக்கான ஒஸ்கார் விருதிற்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. 1952இல் சூரிச் நகரை நோக்கிய விமானப் பயணத்தின்போது காலமானார்.

சுருங்கக் கூறின், 1913இல் பாசர்மன் தமது குரலைத் தாமாகவே துறந்து திரைக்கு வந்தார். இருபது ஆண்டுகளின் பின்னர் வரலாறு அவருடைய மொழியைப் பறித்தது. முதலாவது இழப்பிற் கற்ற உடல்மொழி இரண்டாவது இழப்பில் அவருக்குத் துணைநின்றது எனக் கொள்ளுதல் பொருந்தும். மேடைக்குத் துரோகம் எனச் சிலர் கருதிய அத்திரைப் பிரவேசம், பிறமொழி நாட்டிலும் நடிகனாகவே வாழ்வதற்குரிய வழியை அவருக்குத் திறந்துவைத்தது.