இருபத்திரண்டு ஆண்டுகள் காத்திருந்த பெல் ரொபேட்சன்

ஸ்கொட்லாந்தின் மேற்குக் கரையில் கின்டயர் என்றொரு நீண்ட குடாநாடு கடலுக்குள் இறங்கிக் கிடக்கிறது. 1977 இல் போல் மக்கார்ட்னி பாடி உலகெங்கும் ஒலித்த 'மல் ஒஃப் கின்டயர்' பாடலை வானொலியில் கேட்ட தலைமுறையினருக்கு அந்தப் பெயர் புதிதன்று. குடாநாட்டின் தென்கோடியில் சவுத்எண்ட் என்ற சிற்றூர் உள்ளது. வானம் தெளிந்த நாளில் அங்கிருந்து பார்த்தால் வட அயர்லாந்தின் கரை தெரியும். இசபெல்லா மக்கோர்கின்டேல் 1936 ஏப்ரல் 11 ஆம் திகதி பிறந்தது அந்த ஊரில்தான். அவ்வூரின் டனவெர்ட்டி என்னும் சிறிய கடலோர கோல்ஃப் திடலில் ஆடிப் பழகி, திருமணத்தின் பின் பெல் ரொபேட்சன் என்ற பெயரால் அவர் புகழ்பெற்றார்.

கோல்ஃப் என்றதும் நம்மவர்களுக்கு நினைவில் எழுவது நுவரெலியா நகரின் நடுவே விரிந்து கிடக்கும் பசும்புல் திடலும், அங்கு ஆடிய வெள்ளைக்காரத் துரைமாருந்தான். ஆனால் இந்த ஆட்டத்தின் தாயகமான ஸ்கொட்லாந்தில் அது துரைமாரின் ஏகபோகச் சொத்தாக இருந்ததில்லை. கடலோரச் சிற்றூர்களிலும் திடல்கள் இருந்தன. ஊரவர் ஆடினர், பெண்களும் ஆடினர். எனினும் பெரிய கழகங்களின் கதவுகள் பெண்களுக்குத் திறக்கவில்லை. அதைப் பின்னர் பார்ப்போம்.

பிரித்தானியப் பெண்கள் அமெச்சூர் சம்பியன் போட்டி 1893 இல் தொடங்கியது. இருவர் இருவராக மோதி, தோற்றவர் வெளியேறும் முறையில் நடைபெறுவது. 1959 இல் பெல் முதன்முறையாக இறுதி ஆட்டத்துக்கு வந்தார். 36 குழிகள் ஆடியும் வெற்றி தோல்வி தீரவில்லை. 37 ஆவது குழியில் எலிசபெத் பிரைஸ் வென்றார். 1965 இல் சென் அன்ட்ரூஸில் மீண்டும் இறுதி ஆட்டம். இம்முறை பிரான்ஸ் நாட்டின் பிரிஜித் வாராங்கோ குறுக்கே நின்றார். 1970 இல் கலன் திடலில் மூன்றாவது இறுதி ஆட்டம். டைனா ஒக்ஸ்லியிடம் ஒரே ஒரு குழி வித்தியாசத்தில் தோற்றார்.

மூன்று முறை வாசல் வரை சென்று திரும்பியவர் அதன்பின் என்ன செய்வார்? தொழில்முறை ஆட்டத்துக்கு மாறியிருக்கலாமே என்று இன்றைய வாசகர் கேட்கக்கூடும். பிரித்தானியாவில் பெண்களுக்கான தொழில்முறைச் சுற்று ஒழுங்காகத் தொடங்கியது 1979 இல். அப்போது பெல்லுக்கு 43 வயது. அமெச்சூர் என்றால் வெற்றிக்குப் பணம் கிடையாது. கிண்ணமும் பெயரும் மட்டுமே. அதற்காகவே அவர் ஆடினார். ஸ்கொட்லாந்துப் பெண்கள் சம்பியன் பட்டத்தை 1965, 1966, 1971, 1972, 1978, 1980, 1986 என ஏழு தடவைகள் வென்றார். முதலாவதுக்கும் கடைசிக்கும் இடையில் இருபத்தொரு ஆண்டுகள்!

1981 இல் வேல்ஸின் கொன்வி திடலில் நான்காவது தடவையாகப் பிரித்தானிய இறுதி ஆட்டம் வாய்த்தது. எதிரே நின்றவர் தம்மைவிட இருபது வயதுக்கு மேல் இளையவரான மற்றொரு ஸ்கொட்லாந்துப் பெண், வில்மா எய்ட்கன். 18 குழிகளில் முடிவு காணாமல் ஆட்டம் நீண்டது. 1959 இன் நினைவு அவருக்கு வராமலா இருந்திருக்கும்? இம்முறை 20 ஆவது குழியில் வெற்றி பெல்லின் பக்கம் சாய்ந்தது. முதல் தோல்வியிலிருந்து இருபத்திரண்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. அவருக்கு வயது 45.

கதை அத்துடன் முடியவில்லை. அமெரிக்காவும் பிரித்தானியா - அயர்லாந்து கூட்டணியும் ஈராண்டுக்கு ஒருமுறை மோதும் கேர்டிஸ் கிண்ணப் போட்டி பெண்கள் அமெச்சூர் கோல்ஃபின் உச்சம். 1960, 1966, 1968, 1970, 1972, 1982 ஆகிய ஆண்டுகளில் பெல் அணியில் ஆடினார். 1974, 1976 ஆகிய ஆண்டுகளில் ஆடாத தலைவியாக அணியை வழிநடத்தினார். எட்டிலும் தோல்வி. 1974 இல் சான் பிரான்சிஸ்கோவில் கிடைத்த அடி பலமானது: 13-5.

1986 இல் ஐம்பது வயதில் மீண்டும் அழைப்பு வந்தது. கன்சாஸ் மாநிலத்தின் பிரெய்ரி டியூன்ஸ் திடல், கொதிக்கும் கோடை. பேர்த்திகள் பிறக்கும் வயதுக்காரி என்று எண்ணியவர்களும் இருந்திருப்பர். அயர்லாந்தின் அனுபவசாலி மேரி மெக்கென்னாவுடன் சேர்ந்து, இருவரும் ஒரே பந்தை மாறி மாறி அடிக்கும் ஜோடி ஆட்டத்தில் அவர் களமிறங்கினார். டயான் பெய்லியின் தலைமையிலான அந்த அணி 13-5 என வென்றது. பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன்னர் தலைவியாக அவர் வாங்கிய அதே கணக்கு, இம்முறை அமெரிக்கர் பக்கம் திரும்பியிருந்தது. ஆண், பெண், தொழில்முறை, அமெச்சூர் என எந்த வகையிலும் அதற்கு முன்னர் பிரித்தானிய அணி எதுவும் அமெரிக்க மண்ணில் கோல்ஃப் கிண்ணம் வென்றதில்லை. ஆண்களின் ரைடர் கிண்ண அணிக்கு அந்தப் பேறு 1987 இலும், வோக்கர் கிண்ண அணிக்கு 1989 இலுமே கிடைத்தது. பத்திரிகைகள் ரைடர் கிண்ண வெற்றிக்குக் கொட்டிய மையில் பத்திலொரு பங்கையேனும் பெண்களுக்குக் கொடுத்தனவா என்பது வேறு கேள்வி.

இனி அந்தக் கதவுக்கு வருவோம். 1754 இல் தோன்றிய சென் அன்ட்ரூஸ் ரோயல் அன்ட் ஏன்சியன்ற் கழகத்தின் கட்டடம் பழைய திடலின் முதற் குழிக்குப் பின்னால் நிற்கிறது. 1965 இல் பெல் இறுதி ஆட்டம் ஆடிய அந்த ஊரில், திடலில் பெண்கள் ஆடலாம். கழகத்தில் அங்கத்தவராக முடியாது. 2014 செப்டெம்பர் 18 ஆம் திகதி, ஸ்கொட்லாந்து சுதந்திரத்துக்கான பொதுவாக்கெடுப்பு நடந்த அதே நாளில், அக்கழகத்தின் வாக்கெடுப்பும் முடிவு கண்டது. 85 வீதமானோர் பெண்களைச் சேர்க்க ஆதரவளித்தனர். 2015 பெப்ரவரியில் முதல் கௌரவப் பெண் அங்கத்தவர்களாக ஏழு பேர் அறிவிக்கப்பட்டனர். இளவரசி ஆன், சுவீடனின் அனிக்கா சோரென்ஸ்டாம், இங்கிலாந்தின் லோரா டேவிஸ் ஆகியோருடன் அப்பட்டியலில் பெல் ரொபேட்சனின் பெயரும் இருந்தது. அவருக்கு அப்போது வயது 78.