படச்சுருள் தேடிய பயணம்

வரலாற்றுப் படமொன்றைத் திரையிற் காணும்போது அதனை எடுத்தவர் யார் என்று கேட்கிறோம். பழைய காட்சிகளைப் பெட்டிகளிலிருந்து தேடி எடுத்துக் கொடுத்தவர் யார் என்று எவரேனும் கேட்டதுண்டா? அவ்வுழைப்பின் அருமையை அறிய நெடுந்தொலைவு செல்ல வேண்டுவதில்லை. செட்டிநாட்டுக் கோட்டையூரிற் பிறந்த ஏ. கே. செட்டியாரின் முயற்சியை நோக்கினாலே போதும்.

1937 அக்டோபர் 2, காந்தியடிகளின் பிறந்த நாள். நியூயார்க்கிலிருந்து டப்ளின் நகருக்குக் கப்பலிற் சென்றுகொண்டிருந்த அவருக்கு, அடிகளின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் உதித்தது. அடிகளுக்கு அன்று 68 வயது நிறைந்தது. 1930ஆம் ஆண்டின் தண்டி யாத்திரையை மறுபடியும் நடத்திப் படம் பிடிப்பதெப்படி? நடிகரைக் கொண்டு எடுத்தால் அது நாடகமாகுமேயன்றி வரலாறாகாது. ஆகவே, பிறர் முன்பே எடுத்தவற்றைத் திரட்டுவதே வழியாயிற்று.

இங்கேதான் இடர்ப்பாடு. செய்திப்படங்கள் ஒரு வாரம் ஓடியபின் பெட்டியில் முடங்குபவை. ‘காந்தி’ என்னும் பெயரை மட்டும் பட்டியலில் தேடினாற் போதாது. 1931இல் அடிகள் மார்சேல்ஸ் துறைமுகத்தில் இறங்கினார். இலண்டன் வட்டமேசை மாநாட்டில் அமர்ந்தார். இலங்காஷயர் நெசவுத் தொழிலாளரைக் கண்டார். சுவிட்சர்லாந்தில் ரோமேன் ரோலந்தைச் சந்தித்தார். அவ்வவ்வூரின் பெயரிலோ நிகழ்ச்சியின் பெயரிலோ சுருள் ஒளிந்திருக்கலாம். ஆண்டு, இடம், ஆள், அடிக்கணக்கு ஆகிய நான்கும் பெட்டியின்மேல் எழுதப்படாவிட்டால், உள்ளே பொன் இருந்தும் பயனில்லை. பள்ளிப் பதிவேடுகளோடு நெடுங்காலம் மல்லாடியவன் ஆதலின் இதனைச் சற்று அழுத்தியே சொல்கிறேன்.

சுருள் அகப்பட்டாலும் வேலை முடிந்துவிடாது. அக்காலத்துச் சுருள் நைட்ரேட் என்னும் பொருளால் ஆயது; எளிதில் தீப்பற்றும்; நாளடைவில் நெகிழ்ந்து பிசுபிசுத்துப் பின்னர்ப் பொடியாகும். பிரதி எடுத்தே பயன்படுத்த வேண்டும். ஊமைப்படக் காலத்துக் காட்சிகளைப் பேசும்பட வேகத்தில் ஓட்டினாலோ, பெரியோர்களும் பொம்மைகள்போல் துள்ளி நடப்பர்!

செட்டியார் நான்கு கண்டங்களில், ஏறத்தாழ ஓர் இலட்சம் மைல் சுற்றினார். முப்பதாண்டுக் காலத்தில் நூறு பேர் அளவினர் பிடித்த காட்சிகளிலிருந்து 50,000 அடி திரட்டினார். பேசும்பட வேகத்தில் அது ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதில் 12,000 அடியே படத்தில் இடம்பெற்றது. எஞ்சியதை ஒதுக்க எத்துணை மனத்திண்மை வேண்டியிருந்திருக்கும்! 1940 ஆகஸ்டில், ஆங்கில ஆட்சி நடக்கும்போதே, போர்க்காலத்திலேயே, படம் தமிழில் வெளிவந்தது. 1953இல் ஆங்கிலப் பதிப்பும் அமெரிக்காவில் வெளியாயிற்று.

பிறர் சுருள்களை உலகெங்கும் தேடியெடுத்த அவருடைய படமே பின்னர்ப் பல்லாண்டுகள் காணக்கிடைக்காமற் போயிற்று. 1983இல் அவர் மறைந்தார். இந்த நூற்றாண்டில், ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலால், அவ்வாங்கிலப் பதிப்பின் பிரதியொன்று அமெரிக்கப் பல்கலைக்கழகச் சேமிப்பொன்றில் அகப்பட்டது. அங்கே யாரோ ஒருவர் அதனைப் பட்டியலில் எழுதி வைத்திருந்தார்.