மருந்திலிருந்து விருந்துக்கு: பூம்பாகுத் தேநீரின் வரலாறு

சர்பத், சிரப் என்னும் இரு சொற்களையும் நாம் வெவ்வேறு இடங்களில் வழங்கி வருகிறோம். முன்னது கோடைக்காலத் தெருவோரக் கடைக்கு உரியது. பின்னது மருந்துக்கடைக்கு உரியது. ஆனால் இரண்டும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள். 'குடித்தல்' என்று பொருள்படும் ஓர் அரபு வேரிலிருந்து பிறந்தவை. அந்த வேரின் 'ஷராப்' என்னும் வடிவம் இடைக்கால இலத்தீனுக்குள் புகுந்து, பின்னர் ஆங்கிலத்தில் 'சிரப்' ஆயிற்று. பாரசீகம், உருது வழியாக நம்மை அடைந்தது 'சர்பத்'. ஒன்று மருந்தாகவும் மற்றொன்று விருந்தாகவும் பிரிந்து நின்றது பிற்காலத்து நிகழ்ச்சி. இன்று பலர் வீட்டில் செய்து பார்க்கும் பூம்பாகு கலந்த குளிர்தேநீர், பிரிந்துபோன இவ்விரண்டும் மீண்டும் சந்திக்கும் இடம் எனலாம். அந்தச் சந்திப்பு எப்படி நேர்ந்தது, அதற்கு யார் உழைத்தார்கள் என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

பூவிலிருந்து பானம் செய்யும் கலையை நூல்வழி வளர்த்தவர்களுள் அரபு, பாரசீக மருத்துவர்களும் வேதியியலாளர்களும் முதன்மையானவர்கள். மணப்பொருள்களை வாலையில் வடித்தெடுக்கும் முறைகளைப் பற்றி ஒன்பதாம் நூற்றாண்டில் அல்-கிந்தி தனி நூலே எழுதினார். இப்னு சீனாவின் (980–1037) மருத்துவப் பெருநூலின் ஐந்தாம் பகுதி கூட்டு மருந்துகளைப் பற்றியது. அவற்றுள் பாகுகளும் உண்டு. பாரசீக மொழியில் 'குல்' என்றால் ரோசா, 'ஆப்' என்றால் நீர். 'குலாப்' என்னும் பன்னீர்ப் பெயர் ஐரோப்பாவுக்குச் சென்று 'ஜூலெப்' என்னும் பானப் பெயராயிற்று. நம்மிடமோ ஓர் இனிப்புப் பண்டத்தின் பெயரில் தங்கிவிட்டது. 'குல்கந்து' என்பதன் பின்பாதியான 'கந்து', நம் கற்கண்டில் உள்ள 'கண்டு', ஆங்கிலத்தின் 'கேண்டி' ஆகியவை உறவுச் சொற்கள். பொருள் போன வழியைச் சொற்கள் மறைப்பதில்லை.

மருத்துவர்கள் பூவைச் சர்க்கரையில் இட்டது சுவைக்காக மட்டும் அன்று. தமாஸ்க ரோசா வசந்தத்தில் சில வாரங்களே பூக்கும். நோய்க்குப் பருவம் கிடையாது. அடர்த்தியான சர்க்கரைக் கரைசல் தன்னிடமுள்ள நீரைப் பிணித்துக்கொள்வதால் நுண்ணுயிர்கள் அதில் எளிதில் பெருகுவதில்லை. ஆகவே பாகு என்பது பருவத்தைப் பத்திரப்படுத்தும் ஒரு வழி. நம் சித்த மருத்துவத்திலும் இதற்கு இணையான மருந்து வகை உண்டு. அதன் பெயர் மணப்பாகு. மாதுளை மணப்பாகு, ஆடாதோடை மணப்பாகு என்பன இன்றும் மருந்துக்கடைகளில் கிடைப்பவை. பூம்பாகுக்குத் தமிழில் சொல் தேடுபவர்கள் வேறெங்கும் போக வேண்டியதில்லை.

ஐரோப்பிய மருந்தகங்களில் இவ்வகையில் புகழ்பெற்றிருந்தது வயலட் பூவின் பாகு. குழந்தைகளுக்கு மென்மையான பேதி மருந்தாக அதைக் கொடுத்தார்கள். இராபர்ட் பாயில் 1664-இல் வெளியிட்ட நிறங்கள் பற்றிய நூலில் இந்தப் பாகுக்கு ஒரு புதுப் பயன் கண்டார். நீலப் பாகில் அமிலம் பட்டால் அது சிவக்கிறது. காரம் பட்டால் பச்சையாகிறது. எனவே ஒரு பொருள் அமிலமா காரமா என்பதை அறிய இந்த மருந்தே போதும் என்று அவர் காட்டினார். பள்ளி ஆய்வகத்து லிட்மஸ் தாள் செய்யும் வேலையை அன்று ஒரு பூம்பாகு செய்தது.

இதே வித்தையை நம் வேலியில் படரும் சங்குப்பூவும் செய்கிறது. அதன் நீலம் அந்தோசயனின் என்னும் நிறமிகளால் ஆனது. எலுமிச்சைச் சாறு பட்டதும் அது ஊதாவாகிறது. குறிஞ்சிப்பாட்டின் தொண்ணூற்றொன்பது மலர்களுள் இந்தப் பூ கருவிளை என்ற பெயரில் இடம்பெறுகிறது, வெண்ணிறமானது செருவிளை. வகுப்பில் அப்பகுதியை நடத்தும்போது, "இவற்றில் எதையாவது தின்றார்களா?" என்று மாணவர் கேட்பதுண்டு. கபிலர் காட்டுவது பறித்துப் பாறையில் குவித்துச் சூடும் மலர்களை. பூவைச் சூடும் மரபை இலக்கியம் போற்றியது. குடிக்கும் மரபை மருத்துவம் வைத்துக்கொண்டது. ஆவாரம்பூக் கொதிநீர் போன்றவை வீட்டு வைத்தியமாகவே நின்றன. தாய்லாந்தில் சங்குப்பூ நீர் விருந்தினருக்குத் தரும் பானமாகவே இருக்கிறது.

தேநீரில் பூ சேர்ந்த கதை வேறு. சீனர்கள் பூவைப் பாகாக்கவில்லை. அதன் மணத்தை உலர்ந்த இலைக்குள் ஏற்றினார்கள். ஃபூஜியான் மாகாணத்து ஃபூச்சோ நகரம் இதற்குப் பெயர்பெற்றது. பகலில் மொட்டாகப் பறித்த மல்லிகை இரவில் விரியும் என்பதை நம் ஊர்ப் பூக்கட்டும் பெண்கள் அறிவார்கள். அந்த விரியும் நேரத்தில் பூவையும் தேயிலையையும் கலந்து வைத்து, மறுநாள் பூவைச் சலித்து நீக்கி, அடுத்த இரவு புதிய பூ இடுவார்கள். உயர்ந்த வகைக்கு இது பலமுறை நடக்கும். இந்த மல்லிகை சீனத்துக்கு வெளியிலிருந்து வந்தது. அதன் சீனப் பெயரான 'மோலி', 'மல்லிகா' என்னும் சொல்லோடு தொடர்புடையது என்பர். இலை சீனம் தந்தது. பூவும் அதன் பெயரும் இங்கிருந்து போனவை.

ஆக, பாகு மேற்கே இருந்தது. மணமூட்டிய தேயிலை கிழக்கே இருந்தது. இரண்டும் ஒரு குவளையில் சேரத் தடையாக இருந்தது வெப்பம். பனிக்கட்டி அரசர்களின் பொருளாக இருந்தது. அக்பரின் அரண்மனையில் வெடியுப்புக் கரைந்த நீரில் குடிநீர்க் கலத்தைச் சுழற்றிக் குளிரவைத்ததையும், 1586 முதல் இலாகூருக்கு வடமலைகளிலிருந்து பனி வந்ததையும் அபுல் ஃபஸலின் ஆயினி அக்பரி பதிவு செய்திருக்கிறது.

அரசர் அல்லாதாருக்கும் பனிக்கட்டியை விலைக்குத் தந்தவர் பாஸ்டன் வணிகர் பிரெடரிக் டியூடர். 1833 மே மாதம் 'டஸ்கனி' என்னும் கப்பல் 180 டன் பனிக்கட்டியுடன் பாஸ்டனிலிருந்து புறப்பட்டது. நான்கு மாதம் கழித்துக் கல்கத்தாவை அடைந்தபோது ஏறத்தாழ 100 டன் மிஞ்சியிருந்தது. பின்னர் சென்னைக் கடற்கரையிலும் அவருக்குக் கிடங்கு எழுந்தது. 1842-இல் எழுந்த அந்த ஐஸ் ஹவுஸ்தான் இன்றைய விவேகானந்தர் இல்லம். வால்டன் குளத்துப் பனியை டியூடரின் ஆட்கள் வெட்டிச் சென்றதை நேரில் கண்ட தோரோ, 1854-இல் வெளியான தம் நூலில் அது போய்ச் சேரும் ஊர்களுள் ஒன்றாகச் சென்னையையும் குறிப்பிடுகிறார். அந்தப் பனியைக் குடித்தவர்கள் பெரும்பாலும் வெள்ளையரும் செல்வருமே. 1870-களில் எந்திரத்தால் பனிக்கட்டி செய்யத் தொடங்கிய பிறகு கப்பல் பனியின் வாணிகம் நொடித்தது. குளிர்ச்சி மெல்ல மெல்லத் தெருவுக்கு வந்தது.

குளிர்தேநீர் 1904-இல் செயின்ட் லூயி உலகக் கண்காட்சியில் பிறந்தது என்றொரு கதை பரவலாக உண்டு. இந்தியத் தேயிலைக்கு விளம்பரம் செய்ய வந்திருந்த ரிச்சர்ட் பிளெச்சிண்டன், கடும் வெயிலில் சூடான தேநீரை எவரும் சீண்டாததால் அதில் பனிக்கட்டி இட்டு விற்றாராம். கதை சுவையானது, ஆனால் கண்டுபிடிப்பு அவருடையது அன்று. 1879-இல் மேரியன் கேபெல் டைரீ தொகுத்த வர்ஜீனியச் சமையல் நூலிலேயே குளிர்தேநீர்க் குறிப்பு இருக்கிறது. அதில் இடம்பெறுவது பச்சைத் தேயிலை. அமெரிக்கர்கள் அன்று மிகுதியாகக் குடித்தது சீனத்திலிருந்தும் சப்பானிலிருந்தும் வந்த தேயிலையை. இந்திய, இலங்கைத் தோட்ட முதலாளிகளுக்கு அந்தச் சந்தை தேவைப்பட்டது. 1893 சிகாகோ கண்காட்சியிலும் இலங்கைத் தேயிலைக்கென அரங்கு இருந்தது. பிறப்புக் கதையாக நாம் கேட்பது ஒரு விற்பனைக் கதை.

அந்த விற்பனையின் மறுமுனையில் இருந்தவர்கள் நம்மவர்கள். இலங்கையில் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துர தோட்டத்தில் 1867-இல் 19 ஏக்கரில் தேயிலை நட்டார். 1869-இல் காப்பிச் செடிகளை இலைத்துரு நோய் தாக்கியது. அடுத்த இருபதாண்டுகளில் மலைகள் தேயிலைக்கு மாறின. கொழுந்து பறித்தவர்கள் தமிழ் மாவட்டங்களிலிருந்து சென்ற குடும்பங்கள். 1948-இன் குடியுரிமைச் சட்டம் அவர்களுள் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. 1964-இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு எனப் பங்கிட்டது. மூட்டைகளை எண்ணுவது போல மனிதரை எண்ணினார்கள்.

சர்க்கரையின் கதையும் இதற்குக் குறைந்ததன்று. மருந்துச் சிமிழிலிருந்து அது சமையலறை டப்பாவுக்கு வந்தது கரீபியத் தீவுகளில் ஆப்பிரிக்க அடிமைகள் வெட்டிய கரும்பால். பிரித்தானியப் பேரரசில் அடிமைமுறை 1834-இல் ஒழிந்தபோது, அவ்விடத்தை ஒப்பந்தக் கூலிமுறை நிரப்பியது. 1860 நவம்பரில் 'ட்ரூரோ' கப்பல் சென்னையிலிருந்து நேட்டாலின் கரும்புத் தோட்டங்களுக்கு முதல் கூலித் தொழிலாளரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது. 1911 வரை அங்குச் சென்ற ஏறத்தாழ 1,52,000 பேருள் பெரும்பகுதியினர் சென்னை வழியாகச் சென்றவர்களே. பூ எக்காலமும் இருந்தது. அது மருந்திலிருந்து விருந்தாக மாறியது இனிப்பும் இலையும் குளிர்ச்சியும் மலிந்த பின்னர்தான். அவை தாமாக மலிந்துவிடவில்லை.

வீட்டில் செய்ய விரும்புவோர்க்குச் சில குறிப்புகள். மருந்து தெளிக்காமல் வளர்ந்த பூவே வேண்டும். பூக்கடை ரோசா ஆகாது. அரளி, செங்காந்தள், ஊமத்தை நஞ்சு. அழகை நம்பி வாயில் வைக்கக் கூடாது. நன்கு அடையாளம் தெரிந்த நாட்டு ரோசா, செம்பருத்தி, சங்குப்பூ போதும். இதழ்களை மட்டும் எடுத்துக் கழுவி, கொதித்து இறக்கிய ஒரு கிண்ண நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து வடிகட்டி, அதே அளவு சர்க்கரை சேர்த்து இளஞ்சூட்டில் கரைக்க வேண்டும். சம அளவுப் பாகு பழைய மருந்துப் பாகைப் போல நெடுநாள் தாங்காது. குளிர்பெட்டியில் வைத்து இரண்டு வாரத்துக்குள் முடித்துவிடலாம். சங்குப்பூவில் நிறம் உண்டு, மணம் இல்லை. ரோசாவில் மணம் உண்டு. இரண்டையும் கலப்பதில் தவறில்லை.

தேநீரைச் சூடாக வடித்துக் குளிரவைத்தால் அதிலுள்ள காஃபீனும் பாலிஃபீனால்களும் சேர்ந்து கலங்கும். ஒரு லிட்டர் குளிர்ந்த நீரில் ஐந்து தேக்கரண்டி இலையிட்டுக் குளிர்பெட்டியில் ஏழெட்டு மணி நேரம் ஊறவைத்தால் கலங்கல் பெரிதும் குறையும், துவர்ப்பும் குறையும். சங்குப்பூப் பாகாயின் பச்சைத் தேயிலையே பொருத்தம். கறுப்புத் தேயிலையின் செம்பழுப்பில் நீலம் எடுபடாது. குவளையில் பனிக்கட்டி, தேநீர், இரண்டு கரண்டிப் பாகு. கடைசியில் எலுமிச்சை பிழிய நீலம் ஊதாவாகும். வீட்டில் பிள்ளைகள் இருந்தால் பாயிலின் கதையை அப்போது சொல்லலாம். அவர்கள் கொஞ்சம் வளர்ந்த பிறகு, லூல்கந்துரவின் கதையையும் சொல்ல வேண்டும்.