கடன்பட்ட தலைமை: எகிப்தில் ஆட்சியும் படையும், 1952–1973

1967 ஜூன் 5 காலை. எகிப்தியப் படைகளின் தலைவர் ஃபீல்டு மார்ஷல் அப்துல் ஹக்கீம் ஆமர் கெய்ரோவிலிருந்து சினாய் நோக்கி விமானத்தில் போய்க்கொண்டிருந்தார். அவரை வரவேற்பதற்காக, சினாய் முனையின் தளபதிகள் தங்கள் பிரிவுகளை விட்டு வந்து பீர் தமாதா விமானத்தளத்தில் காத்து நின்றனர். தலைவர் வானில் இருக்கிறார் என்பதால், விமான எதிர்ப்புப் பீரங்கிகள் சுடக் கூடாது என்று ஆணை போயிருந்தது. இஸ்ரேலிய விமானங்கள் வந்தது அந்த நேரத்தில்தான். அன்று மாலைக்குள் எகிப்து ஏறத்தாழ 300 விமானங்களை இழந்தது. பெரும்பாலானவை தரையை விட்டு எழும்பவே இல்லை.

எதிர்பாராத தாக்குதல், அதனால் தோல்வி என்று இதை விளக்குவோர் பலர். ஆனால் தாக்குதல் வரப்போகிறது என்று குடியரசுத் தலைவர் நாசரே ஜூன் 2 அன்று தளபதிகளை எச்சரித்ததாக அந்தக் கூட்டத்தில் இருந்தவர்கள் பின்னர் எழுதியிருக்கிறார்கள். அப்படியானால் கேள்வி வேறு. நாட்டில் கேள்விக்கு அப்பாற்பட்ட தலைவராக இருந்த ஒருவரின் எச்சரிக்கை, அவருடைய சொந்தப் படையில் ஏன் எடுபடவில்லை? தோல்வியின் வேர் போர்க்களத்தில் இல்லை, 1952இல் ஆட்சி கைக்கு வந்த முறையிலேயே இருந்தது என்பதே இக்கட்டுரையின் வாதம். படையால் அரியணை ஏறியவர் படைக்குக் கடன்பட்டவர். கடன்பட்டவரால் கடன் கொடுத்தவருக்கு ஆணையிட முடியாது.

1952 ஜூலை 23 புரட்சியை நடத்திய சுதந்திர அதிகாரிகள் குழுவில் நாசரும் ஆமரும் நகமும் சதையுமாக இருந்தவர்கள். இளம் அதிகாரிகளாகச் சூடானில் சேர்ந்து பணியாற்றியவர்கள். நாசர் தம் மகனுக்கு அப்துல் ஹக்கீம் என்று நண்பரின் பெயரை வைத்தார். நாசரின் தம்பி ஆமரின் மகளை மணந்தார். 1953 ஜூனில் குடியரசு அறிவிக்கப்பட்டபோது, மேஜராக இருந்த ஆமர் இடைப்பட்ட பதவிகள் அனைத்தையும் தாண்டி ஒரே நாளில் மேஜர் ஜெனரலாகவும் படைத்தலைவராகவும் ஆனார். வயது 33. முதல் குடியரசுத் தலைவர் முகம்மது நஜீப் இதை விரும்பவில்லை. படைப் பதவிகளின் ஒழுங்கு குலையும் என்ற அவரது அச்சம் சரியானது என்பதை வரலாறு காட்டிவிட்டது. நஜீப் மீது எனக்குப் பெரிய மதிப்பு ஏதும் இல்லை, ஆனால் இந்த ஒரு விஷயத்தில் அவர் கண்டதை மற்றவர்கள் காணவில்லை.

நாசரின் நோக்கிலிருந்து பார்த்தால் அந்த நியமனத்துக்குக் காரணம் உண்டு. 1954 பிப்ரவரியில் குதிரைப்படை அதிகாரிகள் நஜீபின் பக்கம் நின்று எதிர்த்தபோது, ஆட்சி நூலிழையில் தப்பியது. தாம் செய்ததையே வேறோர் அதிகாரி தமக்கும் செய்யலாம் என்பதை நாசர் ஒருபோதும் மறக்கவில்லை. ஆகவே படைத்தலைமையில் திறமையைவிட விசுவாசம் தேவைப்பட்டது. ஆமர் அந்த விசுவாசத்தைத் தம் வழியில் திரட்டினார். வீடு, கார், வெளிநாட்டுப் பயணம், ஓய்வுக்குப் பின் ஆளுநர் பதவியோ நிறுவனத் தலைமையோ என்று அதிகாரிகளின் தேவைகளைக் கேட்டுக் கேட்டுச் செய்தார். அவர் அன்பான மனிதர் என்பதை எதிரிகளும் மறுக்கவில்லை. அந்த அன்புதான் நிறுவனத்தைக் கெடுத்தது. அதிகாரிகளின் நன்றி அரசின் மேல் விழாமல் அவர் ஒருவர் மேல் விழுந்தது.

இராணுவம் தன் தொழிலில் தேர்ச்சி பெறப் பெற அரசியலிலிருந்து விலகும் என்று அரசியல் அறிஞர் சாமுவேல் ஹண்டிங்டன் 1957இல் வாதிட்டார். தொழில்தேர்ச்சி மட்டும் போதாது, சில வேளைகளில் அதுவே படையை அரசியலுக்குள் இழுக்கும் என்று சாமுவேல் ஃபைனர் 1962இல் மறுத்தார். எகிப்தின் அனுபவம் இவ்விருவரின் சட்டகத்துக்குள்ளும் முழுதாக அடங்கவில்லை. இங்கே நடந்தது மூன்றாவது ஒன்று. ஆட்சிக் கவிழ்ப்பைத் தடுப்பதற்காகவே ஆட்சியாளர்கள் படையின் தொழில்தேர்ச்சியைத் தேய்த்தார்கள். தேய்த்த பிறகு அந்தப் படை போருக்கும் உதவவில்லை, ஆட்சியாளருக்கும் அடங்கவில்லை.

இதற்கான சான்று 1956லேயே கிடைக்கிறது. சூயஸ் போரில் விமானப்படையின் பெரும்பகுதி தரையிலேயே அழிந்தது. விமானப்படைத் தலைவர் சித்கி மஹ்மூதை நீக்க நாசர் விரும்பினார், ஆமர் மறுத்தார். அதே மனிதர் அதே பதவியில் 1967 ஜூன் 5 வரை இருந்தார் என்ற ஒரு செய்தியை வைத்தே இக்கட்டுரையின் பாதியை எழுதிவிடலாம். பின்னர் எகிப்தும் சிரியாவும் ஒரே குடியரசாக இணைந்திருந்த காலத்தில் டமாஸ்கஸின் பொறுப்பு ஆமரிடம் கொடுக்கப்பட்டது. 1961 செப்டம்பர் 28 அன்று சிரிய அதிகாரிகள் அவரை விமானத்தில் ஏற்றிக் கெய்ரோவுக்கு அனுப்பிவிட்டார்கள். இணைப்பு முறிந்தது, ஆமரின் பதவி நிலைத்தது.

1962இல் நாசர் ஒரு முயற்சி செய்தார். உயர் அதிகாரிகளின் நியமனத்தையும் பதவி உயர்வையும் குடியரசுத் தலைவர் மன்றத்தின் ஒப்புதலுக்குக் கீழே கொண்டுவரப் பார்த்தார். ஆமர் பதவி விலகல் கடிதம் கொடுத்தார். படைக்குள் சலசலப்பு எழுந்தது. முடிவில் பின்வாங்கியவர் நாசர். ஆமர் முன்னிலும் பெரிய அதிகாரத்தோடு திரும்பி வந்தார், 1964இல் முதல் துணைத் தலைவராகவும் ஆனார். என் கணிப்பில் 1967இன் தோல்வி உறுதியானது 1962இல்தான். சினாயில் நடந்தது அதன் விளைவு மட்டுமே. அதே 1962 செப்டம்பரில் தொடங்கிய ஏமன் போர், உச்ச காலத்தில் ஏறத்தாழ 70,000 எகிப்திய வீரர்களை மலைகளில் கட்டிப்போட்டது. கிராமங்களில் பழைய நிலக்கிழார்களை ஒடுக்கும் குழுவுக்கும் 1966இல் ஆமரே தலைவர். ஒரு படைத்தலைவர் கவனிக்க வேண்டிய வேலை எது என்ற கேள்வியைக் கேட்க அன்றைய எகிப்தில் எவருக்கும் இடமில்லை.

1967 மே மாத நிகழ்வுகளை இந்தப் பின்னணியில் படிக்க வேண்டும். சிரிய எல்லையில் இஸ்ரேல் படை குவிக்கிறது என்ற சோவியத் தகவல் மே 13 அன்று வந்தது. படைகளின் பணியாளர் தலைவர் முகம்மது ஃபவ்ஸி மறுநாளே டமாஸ்கஸ் சென்று பார்த்தார். படைக்குவிப்புக்கு எந்தத் தடயமும் இல்லை என்று திரும்பி வந்து சொன்னார். அந்த அறிக்கைக்கு ஆமரிடமிருந்து உருப்படியான எதிர்வினை ஏதும் வரவில்லை. சினாயில் படை குவிந்துகொண்டே போனது. மே 16 அன்று, சினாயில் இருந்த ஐ.நா. படையை விலகக் கோரும் கடிதம், அதன் தளபதியாக இருந்த இந்தியரான இந்தர் ஜித் ரிக்கியின் கைக்குச் சேர்ந்தது. ஒரு வாரத்தில் திரான் நீரிணை இஸ்ரேலியக் கப்பல்களுக்கு மூடப்பட்டது. அரசியல் தலைமை இதை மிரட்டலாக மட்டும் கருதியது. படைத்தலைமையோ போருக்குத் தயார் என்று உறுதி கொடுத்துக்கொண்டே இருந்தது. அந்த உறுதியைச் சோதித்துப் பார்க்கும் வழி நாசரிடம் இல்லை. படைக்குள் நடப்பதை அறிய அவருக்கு இருந்த ஒரே கதவு ஆமர்.

ஜூன் 6 மாலை ஆமர் சினாயிலிருந்து முழுப் பின்வாங்கலுக்கு ஆணையிட்டார். அதற்குத் திட்டம் தயாரிக்கத் தமக்கு 20 நிமிடம் கொடுக்கப்பட்டது என்று ஃபவ்ஸி எழுதியிருக்கிறார். ஏறத்தாழ ஒரு லட்சம் பேரை, வான் காப்பு இல்லாத பாலைவனத்தில், மித்லா போன்ற ஒருசில கணவாய்கள் வழியே திரும்பக் கொண்டுவர இருபது நிமிடம். கணவாய்களில் வண்டிகள் முட்டிக்கொண்டு நின்றன, அவற்றின் மேல் விமானங்கள் குண்டு பொழிந்தன. அதிகாரிகள் இல்லாத, தண்ணீர் இல்லாத வீரர்கள் கால்வாயை நோக்கி நடந்தார்கள். இறந்தோர் 10,000 அளவில் என்பது பொதுவாக ஏற்கப்படும் கணக்கு. நைல் கரை விவசாயக் குடும்பங்களிலிருந்து கட்டாயப் படைச் சேவைக்கு வந்த அந்த இளைஞர்கள் யாருடைய நட்புக்கும் கடன்பட்டவர்கள் அல்லர். கடனை அடைத்தவர்கள் அவர்கள்தான்.

அரபு வீரனின் குணத்திலேயே குறை என்று அப்போது எழுதியவர்கள் உண்டு, இன்றும் உண்டு. அந்தக் கூற்றை மறுக்க ஆறு ஆண்டுகள் போதுமாக இருந்தது.

ஜூன் 9 அன்று நாசர் பதவி விலகுவதாக அறிவித்தார், மக்கள் வீதியில் திரண்டு அவரைத் திரும்ப அழைத்தார்கள். அந்த நாள்தான் அவரைக் கடனிலிருந்து விடுவித்தது. இப்போது அவருக்குப் பதவி கொடுத்தவர்கள் படையினர் அல்லர். ஜூன் 11 அன்று ஃபவ்ஸி படைத்தலைவரானார். ஆமர் ஆகஸ்டில் காவலில் வைக்கப்பட்டார், செப்டம்பர் 14 அன்று இறந்தார். தற்கொலை என்றது அரசு, குடும்பம் ஏற்கவில்லை. 1968 பிப்ரவரியில் விமானப்படை அதிகாரிகளுக்கு விதிக்கப்பட்ட தண்டனை போதாது என்று ஹெல்வான் ஆலைத் தொழிலாளர்கள் வீதிக்கு வந்தார்கள், மாணவர்களும் சேர்ந்தார்கள். மறுவிசாரணைக்கு அரசு இணங்கியது. அதே ஆண்டின் 4ஆம் எண் சட்டம், படையின் மீது குடியரசுத் தலைவரின் அதிகாரத்தை எழுத்தில் வரையறுத்தது. 1962இல் நட்பின் முன் தோற்ற ஒழுங்கு, 1968இல் சட்டமாக வந்தது.

ஃபவ்ஸியும், பணியாளர் தலைவரான அப்துல் முனிம் ரியாதும் படையை அடியிலிருந்து கட்டினார்கள். பட்டதாரிகள் பெருமளவில் சேர்க்கப்பட்டார்கள். ரியாத் 1969 மார்ச் 9 அன்று இஸ்மாயிலியா முனையில் பீரங்கிக் குண்டுக்குப் பலியானார். படைகளின் பணியாளர் தலைவரே முன்னணிக் காவல்நிலையில் நின்று இறந்தார் என்ற செய்தி, 1967இல் நொறுங்கிய படைக்கு எத்தகைய மருந்தாக இருந்திருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

புதிய படையின் தன்மைக்கு ஓர் எடுத்துக்காட்டு போதும். சூயஸ் கால்வாயின் கிழக்குக் கரையில் இஸ்ரேல் ஏறத்தாழ 20 மீட்டர் உயரத்துக்கு மணல் அரண் எழுப்பியிருந்தது. டாங்கிகள் ஏற ஒரு வழி திறக்க வேண்டுமானால் ஏறத்தாழ 1,500 கன மீட்டர் மணலை அகற்ற வேண்டும். வெடிமருந்து வைத்துப் பார்த்தார்கள், பலிக்கவில்லை. பாகி ஸகி யூசுஃப் என்ற பொறியாளர் அதிகாரி, அஸ்வான் உயர் அணை வேலையில் நீரைப் பீய்ச்சி மணலைக் கரைப்பதைப் பார்த்தவர். கால்வாயிலேயே தண்ணீர் இருக்கிறதே, அதை வைத்தே அரணைக் கரைக்கலாம் என்றார். ஆமர் காலத்துப் படையில் ஓர் இளம் பொறியாளரின் இந்தச் சொல் மேசையைக்கூட எட்டியிராது. இப்போது அது சோதிக்கப்பட்டது, பம்புகள் பிரிட்டனிலும் மேற்கு ஜெர்மனியிலும் வாங்கப்பட்டன, பயிற்சி திரும்பத் திரும்ப நடந்தது. 1973 அக்டோபர் 6 அன்று போர் தொடங்கிய சில மணி நேரத்தில் அரணில் வழிகள் திறந்தன. அந்தக் கால்வாய் கடப்பு முழுவதையும் ஒவ்வொரு சிப்பாயின் சுமை வரை கணக்கிட்டுத் திட்டமிட்டவர் பணியாளர் தலைவர் சாத் அல் ஷாஸ்லி.

இத்துடன் நிறுத்தினால் கதை வெற்றியில் முடியும். உண்மை அப்படி முடியவில்லை. 1968 சட்டம் படையைத் தலைவருக்குக் கீழ்ப்படுத்தியது, ஆனால் தலைவருக்கு மறுப்புச் சொல்லும் தளபதியைக் காக்க அதில் எதுவும் இல்லை. நாசருக்குப் பின் சதாத் அதிபரானதும், ஃபவ்ஸி 1971இல் சிறைக்குப் போனார். போர்த்திட்டத்தில் முரண்பட்ட போர் அமைச்சர் சாதிக் 1972 அக்டோபரில் நீக்கப்பட்டார். அவருக்குப் பின் வந்த அகமது இஸ்மாயிலும் பணியாளர் தலைவர் ஷாஸ்லியும் 1960இல் காங்கோவில் தங்களுக்குள் சண்டையிட்ட நாளிலிருந்தே ஒருவரையொருவர் விரும்பாதவர்கள். இருவரையும் சேர்த்து அமர்த்தியதில், தளபதிகள் கூட்டுச் சேராமல் பார்த்துக்கொள்ளும் சதாத்தின் கணக்கும் இருந்தது என்றே நான் கருதுகிறேன்.

விளைவு அக்டோபர் 14 அன்று தெரிந்தது. உடன் போரிட்ட சிரியாவின் மீதான இஸ்ரேலிய அழுத்தத்தைக் குறைக்க, விமான எதிர்ப்பு ஏவுகணைகளின் காப்புக் குடையை விட்டு வெளியேறிக் கிழக்கே முன்னேற வேண்டும் என்றார் சதாத். ஷாஸ்லியும், இரு படைகளின் தளபதிகளான சாத் மஃமூனும் வாஸிலும் எதிர்த்தனர். அரசியல் முடிவு என்று சொல்லப்பட்டது, படை நகர்ந்தது. ஒரே நாளில் ஏறத்தாழ 250 டாங்கிகள் போயின. மறுநாள் இரவு இஸ்ரேலியப் படை தெவர்சுவார் அருகே கால்வாயைக் கடந்து மேற்குக் கரைக்கு வந்தது. கிழக்கிலிருந்து நான்கு கவசப் படையணிகளைத் திரும்பக் கொண்டுவந்தால்தான் அதைத் தடுக்க முடியும் என்ற ஷாஸ்லியின் யோசனையைச் சதாத் தள்ளினார். போர் முடிந்ததும் டிசம்பரில் ஷாஸ்லியின் பதவி போனது.

இங்கே சான்றுகளைப் பற்றி ஒரு சொல். நமக்குக் கிடைப்பவை பெரும்பாலும் நினைவுக் குறிப்புகள், ஒவ்வொருவருக்கும் நியாயப்படுத்த வேண்டியது உண்டு. ஷாஸ்லி முனையிலிருந்து மனம் உடைந்து திரும்பினார் என்று சதாத் எழுதினார். அப்போது நடவடிக்கைப் பிரிவின் தலைவராக இருந்த கமாசி, அப்படி எதுவும் இல்லை என்று தம் நூலில் மறுத்தார். அதே கமாசி, முன்னேற்றத்தை இன்னும் முன்பே தொடங்கியிருக்க வேண்டும் என்றும் கருதியவர். ஷாஸ்லிக்குச் சார்பாகப் பேச அவருக்குக் காரணம் ஏதும் இல்லாததால், அவர் மறுப்பு எனக்கு நம்பகமாகப் படுகிறது.

1974 ஜனவரியில் அஸ்வானில் நடந்த படைவிலக்கப் பேச்சுவார்த்தையில், கால்வாயின் கிழக்கே 30 டாங்கிகள் மட்டும் வைத்துக்கொள்ளச் சதாத் இணங்கிவிட்டார் என்பதைக் கமாசி தம் தலைவரிடமிருந்து அறியவில்லை. பேச்சுவார்த்தை மேசையில் அமெரிக்க வெளியுறவு அமைச்சர் கிஸிஞ்சர் சொல்லித்தான் அறிந்தார். எழுந்து சன்னலருகே போய் நின்று கண்ணீர் விட்டார். சதாத்தின் கணக்கு சரியாகவே இருந்திருக்கலாம். ஆனால் அந்த முடிவு எதனால் எடுக்கப்பட்டது என்று தம் தளபதிக்கு முன்கூட்டிச் சொல்ல வேண்டும் என்ற கட்டாயம் எதுவும் அவருக்கு இல்லாதிருந்ததே நம் ஆய்வுக்கு உரியது. ஆமர் காலத்தில் படையின் உண்மை தலைவரை எட்டவில்லை. சதாத் காலத்தில் எட்டியது, ஆனால் அதற்கு எடை இல்லை.

ஷாஸ்லி 1978இல் கேம்ப் டேவிட் உடன்பாட்டை எதிர்த்து, நாடு திரும்பாமல் புகலிட வாழ்வைத் தேர்ந்தார். நினைவுக் குறிப்பு வெளியிட்டதற்காக இராணுவ இரகசியத்தை வெளியிட்ட குற்றத்தில் தண்டிக்கப்பட்டு, 1992இல் திரும்பி வந்தபோது சிறையில் அடைக்கப்பட்டார். கால்வாயைக் கடக்கத் திட்டம் வகுத்தவருக்கு அந்தத் திட்டத்தைப் பற்றி எழுதுவது குற்றமாயிற்று. இரு போர்களின் படை ஆவணங்களையும் எகிப்திய ஆய்வாளர்களுக்கும், சினாயிலிருந்து திரும்பாதவர்களின் குடும்பங்களுக்கும் முழுமையாகத் திறந்துவிட வேண்டும். 1967இல் இருபது வயதில் போன ஒருவரின் தம்பிக்கு இன்று எழுபது வயதுக்கு மேல் ஆகிறது.