தொண்டை வழியும் மூச்சு வழியும்



நாம் விழுங்கும் உணவும் உள்ளிழுக்கும் மூச்சும் தொண்டையில் ஒரே வழியைப் பகிர்ந்துகொண்டு, குரல்வளைக்கு அருகிலேயே பிரிகின்றன. அப்பிரிவுக்குச் சற்று மேலே, நாவின் அடியில் இருபுறமும் அமைந்த சதைத் திரட்சிகளே டொன்சில் எனப்படுவன. அவற்றை அகற்றுவதைச் சிறு சத்திரசிகிச்சை என்றே பலரும் கருதுவர். வெட்டு சிறிதுதான். ஆனால் வெட்டுபவரின் கையும், வடியும் இரத்தமும், நோயாளியின் மூச்சும் ஒரே இடுக்கு வழிக்குள் போட்டியிட வேண்டியிருக்கின்றன. அப்போட்டி தீர்க்கப்பட்ட வரலாறே இன்றைய பேச்சின் பொருள்.

கி.பி. முதலாம் நூற்றாண்டில் உரோமாபுரியில் வாழ்ந்த செல்சசு என்னும் நூலாசிரியர், டொன்சிலை விரலாற் சுற்றிக் கிளப்பிப் பிடுங்கலாம் என்றும், அவ்வாறு வராவிடின் கொக்கியாற் பற்றிக் கத்தியால் அறுக்கலாம் என்றும், பின்னர் காடியால் வாயைக் கழுவுதல் வேண்டும் என்றும் எழுதிவைத்தார். ஏழாம் நூற்றாண்டினரான ஈஜினாவின் போல், நோயாளியை வெயில் முகமாக இருத்தி, ஒருவர் தலையைப் பிடிக்க மற்றொருவர் நாவை அழுத்தவேண்டும் என்றார். 1828இல் பிலடெல்பியா நகரத்துச் சத்திர வைத்தியர் பிலிப் சிங் பிசிக், சதையை வளையத்துள் அகப்படுத்திக் கணப்பொழுதில் நறுக்கும் கருவி ஒன்றை வெளியிட்டார். தலைவெட்டும் பொறியின் பெயரால் கில்லட்டின் என்றே அவ்வகைக் கருவிகள் வழங்கலாயின.

நோவு கொடியதே. ஆயினும் விழித்திருந்த நோயாளி இருமினான், காறி உமிழ்ந்தான், தலையைத் திருப்பினான். அவன் மூச்சுக் குழாய்க்கு அவனே காவலாய் இருந்தான். 1846இல் பொஸ்தன் நகரில் ஈதரும், அடுத்த ஆண்டில் எடின்பரோவில் குளோரோபோமும் வந்து நோவை நீக்கியபோது, அக்காவலையும் சேர்த்தே நீக்கின.

இதன் விபரீதம் விரைவிலேயே தெரிந்தது. 1848 சனவரி 28ஆம் நாள், இங்கிலாந்தில் நியூகாசில் நகருக்கு அண்மையிலுள்ள வின்லேற்றன் என்னும் ஊரில், அன்னா கிரீனர் என்ற 15 வயதுச் சிறுமி, கால்விரல் நகம் ஒன்றை அகற்றுவதற்காகக் குளோரோபோம் கொடுக்கப்பட்டு இறந்தாள். மருந்து மிகுந்து இதயம் நின்றது என்றார் யோன் சுனோ. உணர்விழந்த அவளைத் தெளிவிக்க வாயில் ஊற்றிய நீரும் பிராந்தியும் மூச்சை அடைத்தன என்றார் குளோரோபோமை அறிமுகப்படுத்திய சிம்சன். தாம் கொணர்ந்த மருந்தைக் காக்க அவர் வாதாடினார் என்று கொள்ளலாமாயினும், அவர் சுட்டிய ஆபத்து மெய்யானதே. நகத்தை அகற்றுகையில் ஊற்றிய ஒரு வாய் நீரே இவ்வளவு ஐயத்தைக் கிளப்புமாயின், தொண்டையிலேயே இரத்தம் வடியும் சிகிச்சையில் நேரக்கூடியதைச் சொல்லவேண்டுமோ?

இதற்கு 1874இல் எட்மண்ட் ரோசு ஓர் எளிய வழி கூறினார்: தலையை மேசை விளிம்பிலிருந்து கீழே தொங்கவிட்டால், இரத்தம் குரல்வளைக்குள் இறங்காது மூக்கின் பின்புறத்தே தேங்கும். கிளாஸ்கோ நகரத்து வில்லியம் மக்யூவன் 1878 சூலை 5ஆம் நாள் இன்னும் துணிந்து சென்றார். நாவடியில் கட்டியுற்ற ஒருவரின் வாய்வழியே மூச்சுக் குழாய்க்குள் ஓர் உலோகக் குழாயைச் செலுத்தி, அதைச் சூழத் துணியடைத்து, அக்குழாய் மூலமே குளோரோபோம் கொடுத்தார். குழாய் புகுத்தப்படும்போது நோயாளி விழித்திருந்தார் என்பதை எண்ணுங்கள்! முடிவு கைக்கெட்டியது போலவே தோன்றும். எனினும் வைத்திய உலகம் அதனைப் பல்லாண்டுகள் பொருட்படுத்தவில்லை.

நோவு நீக்கும் மருந்து இருந்தும் அதனைக் கொடாது விட்ட வைத்தியரும் இருந்தனர். எழுத்தாளர் உரோல்ட் டால், 1924இல் எட்டு வயதில், நோர்வேயில், மூக்கின் பின்னே வளரும் அடினொயிட் சதை மயக்கமருந்தின்றியே தமக்கு அகற்றப்பட்டதைப் பின்னாளில் எழுதியிருக்கிறார்.

அமெரிக்காவின் யோன்சு கொப்கின்சு வைத்தியசாலையைச் சேர்ந்த குரோவும் அவர்தம் துணைவரும் 1917இல் 1,000 டொன்சில் சிகிச்சைகளைப் பற்றி அறிக்கை வெளியிட்டனர். அங்கே மயக்கமருந்து வைத்தியர் டேவிசின் பெயர் தாங்கிய வாய்திறப்பான், நாவை அழுத்தி வாயை அகலத் திறந்து நிறுத்தியது. பின்னர் இலண்டனில் பொயில் என்பார் அதனைப் பரப்பினார். போர்க்களமும் தன் பங்கை அளித்தது. முதலாம் உலகப் போரைப் பாடஞ் சொல்லும் நாம் சோம் ஆற்றங்கரையைக் குறிப்பிடுவோம். சிட்கப் வைத்தியசாலையை ஏனோ குறிப்பிடுவதில்லை. முகஞ் சிதைந்த போர்வீரர்களுக்குக் கில்லீசு புதுமுகம் சமைத்த இடம் அது. முகத்தில் முகமூடி வைக்க இயலாத நிலையில், மகிலும் ரோபோதமும் சுருட்டிவைத்த இறப்பர் குழாயை வெட்டி, அதன் இயல்பான வளைவையே பயன்படுத்தி, மூச்சுக் குழாய்க்குள் செலுத்தப் பழகினர்.

அக்குழாய்க்கும் டேவிசின் வாய்திறப்பானுக்கும் இணக்கம் ஏற்படவே காலம் சென்றது. நாவை அழுத்தும் தகடு குழாயையும் நசுக்கிற்று. 1957இல் டவுற்றி என்னும் வைத்தியர் அத்தகட்டின் நடுவே நீளமாக ஒரு பிளவு வைத்தார். குழாய் அதனுள் அமைந்துகொண்டது. இத்துணைச் சிறு மாற்றத்துக்கு எத்தனை ஆண்டுகள்! 1981இல் ஆர்ச்சி பிரெய்ன் இலண்டனில் உருவாக்கிய, குரல்வளை வாயின்மேல் அமரும் மென்மூடி, பின்னர் வளையும் குழாயுடன் டொன்சில் சிகிச்சைக்கும் வந்தது. எது மேல் என்ற விவாதம் இன்றும் ஓயவில்லை.

சிகிச்சை முடிந்ததும் ஆபத்து முடிவதில்லை. குழாயை எடுத்த பின்னரே தொண்டை மீண்டும் காவலின்றி நிற்கிறது. உணர்விழந்தோரைப் பக்கவாட்டிற் கிடத்தவேண்டும் என்று ரொபேர்ட் போல்ஸ் 1891இல் வற்புறுத்தினார். டொன்சில் நோயாளியை அவ்வாறு, தலையைத் தாழ்த்திக் கிடத்துவது வழக்கமாயிற்று. இரத்தம் வாய்வழியே வெளிவரும், உள்ளே இறங்காது. அண்ணத்தின் பின்னே மறைந்து உறைந்த கட்டி ஒன்று நழுவிக் குரல்வளையை அடைத்துவிடுவதுண்டு. மரண விசாரணை அதிகாரியின் கட்டி என்று வைத்தியர்கள் அதற்கு வைத்த பெயரே போதும். குழாயை எடுக்குமுன் அவ்விடத்தைப் பார்த்து உறிஞ்சவேண்டும் என்பது அதனாற் பிறந்த விதி.

பெற்றோர் அறியவேண்டியது ஒன்றுண்டு. வாயில் இரத்தம் தெரியாமலே பிள்ளை உறக்கத்தில் அடிக்கடி விழுங்கிக்கொண்டிருந்தால், உள்ளே இரத்தம் கசிகிறது என்று ஐயுறுதல் வேண்டும். இது முதல் நாளில் மட்டுமன்றி, புண் மேற்படலம் உதிரும் ஒரு வார காலத்திலும் நேரலாம். அப்போது தாமதியாது வைத்தியசாலைக்கே கொண்டுசெல்லவேண்டும்.

இன்று இச்சிகிச்சை பல பிள்ளைகளுக்குத் தொண்டைப் புண்ணுக்காகவன்று, உறக்கத்தில் மூச்சுத் தடைப்படுவதற்காகவே செய்யப்படுகிறது. அத்தகைய பிள்ளைகள் நோவு தணிக்கும் சில மருந்துகளை எளிதில் தாங்குவதில்லை. கொடெயின் என்னும் மருந்து உடலில் மோபீனாக மாறுவது. பிறவியிலேயே இம்மாற்றம் மிக விரைவாக நிகழும் பிள்ளைகள் சிலர் சிகிச்சைக்குப்பின் மூச்சடங்கி இறந்தமையால், 2013இல் ஐக்கிய அமெரிக்க மருந்து ஆணையகம் டொன்சில் சிகிச்சைக்குப்பின் அதனைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தலாகாது என்று எச்சரித்தது. அன்று கையால் நாடிபிடித்து இரவெல்லாம் காத்திருந்த தாதியர்க்கு, யப்பானியரான தக்குவோ அவோயாகி 1974இல் விளக்கிய முறை துணையாயிற்று. விரல்நுனியில் மாட்டிய சிறு விளக்கொளி, பிள்ளையின் குருதியில் ஒட்சிசன் குறையத் தொடங்கிய உடனேயே மணியடிக்கிறது.