டி. ஆர். சுந்தரமும் தமிழ் இலக்கியமும்

சேலம், நாமக்கல் வட்டாரத்தின் இலக்கிய வரலாற்றை எழுதப் புகுவோர் புலவர்களையும் நூல்களையும் பட்டியலிடுவர். திரைப்படக்காரர் ஒருவருக்கு அதில் இடமளிக்கத் தயங்குவர். திருச்செங்கோட்டில் 1907இல் பிறந்த டி. ஆர். சுந்தரம் அவ்வாறு விடுபட்டவர். அவருக்குரிய இடத்தைச் சுட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் நெசவுத் தொழில்நுட்பம் பயின்று திரும்பிய அவர், சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸை நிறுவினார். அதன் முதற்படமான ‘சதி அகல்யா’ 1937இல் வெளிவந்தது. மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938) இந்நிறுவனத்தின் தயாரிப்பே. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ (1956) அவர் இயக்கியது. தயாரிப்பு, இயக்கம் ஆகியவற்றோடு அவர் நிற்கவில்லை. தாம் இயக்கிய ‘சுலோசனா’வில் இந்திரஜித்தாகத் தாமே நடித்தார். கூத்தின் எல்லாக் கூறுகளையும் ஒருவரே தாங்கிய இம்முயற்சி 1940களில் அரியதொன்றாகும்.

எனினும், நம்மைப் போன்றோர் கருத வேண்டியது வேறொன்று. படிப்பதற்குரிய நாடகமென்றே பெரிதும் கருதப்பட்ட சுந்தரம் பிள்ளையின் ‘மனோன்மணீயம்’, 1942இல் அவர் இயக்கத்தில் ‘மனோன்மணி’யாகத் திரைக்கு வந்தது. ஐம்பெருங்காப்பியங்களுள் குண்டலகேசியின் முழு நூல் நமக்குக் கிட்டவில்லை. சில பாடல்களே எஞ்சின. ஆயினும் கணவனை மலையினின்று தள்ளிய அக்காப்பியத் தலைவியின் கதை, கலைஞர் மு. கருணாநிதியின் உரையாடலுடன் ‘மந்திரி குமாரி’யாகி (1950) எழுத்தறியாத உழவரிடமும் சென்றது. பாவேந்தரின் ‘எதிர்பாராத முத்தம்’ அதே ஆண்டில் ‘பொன்முடி’ ஆயிற்று. மருதகாசி, கா. மு. ஷெரீப் ஆகியோரின் பாடல்கள் அந்நிறுவனப் படங்களில் ஒலித்தன. கண்ணதாசனும் அங்குப் பணியாற்றினார்.

திரைக்கு ஏற்பக் காவியம் சுருங்கியதும் திரிந்ததும் உண்மையே. ஆனால், ஏட்டில் உறங்கும் கதையைவிட மாறுபட்டேனும் மக்கள் நாவில் வாழும் கதை தாழ்ந்ததன்று. வாய்மொழியாய் வளர்ந்த கதைகளைக் காப்பியமாக்கிய மரபு நம்முடையது. காப்பியம் மீண்டும் மக்களிடம் செல்வதைக் குறையென்பது பொருந்தாது.

சுந்தரம் 1963இல் மறைந்தார். படப்பிடிப்பு நிலையமும் பின்னர் மறைய, ஏற்காடு சாலையில் நுழைவாயில் வளைவே சான்றாய் எஞ்சியது. கல்வளைவு நெடுநாள் நிற்கக்கூடும். திரையரங்க வாயிலில் விற்ற மெல்லிய பாட்டுப் புத்தகங்கள் அவ்வாறு நில்லா. அவை இவ்வூர்ப் பழைய வீடுகளின் பெட்டிகளில் செல்லரிக்கு இரையாகுமுன் தேடித் தொகுப்பது, பத்தாண்டு நிறைந்த நம் இலக்கிய வட்டம் ஏற்கத்தக்க தமிழ்ப்பணியாகும்.