மட்டமும் நேர்கோடும்

வவுனியாவுக்குத் தெற்கே, கலா வாவியிலிருந்து அநுராதபுரத்துத் திசா வாவிக்கு நீர் கொண்டுபோகும் பழைய வாய்க்கால் ஒன்று உண்டு. யோத எல என்பார்கள், ஜய கங்கை என்றும் பெயர். 5ஆம் நூற்றாண்டில் தாதுசேன மன்னன் காலத்து வேலை என்பது மரபு. நீளம் 54 மைல். முதல் 17 மைலில் அது மைலுக்கு 6 அங்குலம்தான் சரிகிறது. இந்தச் சரிவை வியந்து எழுதாதவர்கள் இல்லை. நில அளவையாளனாக உழைத்து ஓய்வு பெற்ற எனக்கு அதில் வேறொன்று பெரிதாகப் படுகிறது.

மட்டம் பார்த்து ஒரு மைல் தூரத்துக்கு நேரே நோக்கினால், பூமி வளைந்திருப்பதால் பார்வைக்கோடு உண்மையான நீர்மட்டத்துக்கு 8 அங்குலம் மேலே போய்விடும். காற்று ஒளியைச் சற்றே வளைப்பதையும் சேர்த்துக் கணக்கிட்டால் 7 அங்குலம். வாய்க்காலின் சரிவோ 6 அங்குலம். நேர்கோடுதான் மட்டம் என்று நம்பி, ஒரே பார்வையில் ஒரு மைலை அளந்து, அந்தக் கோட்டுக்கு 6 அங்குலம் கீழே அடிநிலத்தை வெட்டியவனுடைய வாய்க்கால் கடைசியில் ஓர் அங்குலம் மேடாகத்தான் இருக்கும். தண்ணீர் வந்த வழியே திரும்பும். யூக்கிளிட்டின் கோடு பிழையென்று நான் சொல்லவில்லை. தண்ணீர் அந்தக் கோட்டில் கிடப்பதில்லை, அவ்வளவுதான்.

மன்னார் வீதியோரம் இருக்கிற எங்கள் பூவரசங்குளத்தில் குளக்கட்டுக்கும் வாய்க்காலுக்கும் மட்டம் எடுக்கும் முறையில் இதே விஷயம் ஒளிந்திருக்கிறது. எனக்குத் தொழில் பழக்கிய மூத்தவர் தத்துவம் எதுவும் பேசவில்லை. “தம்பி, கருவியை ரெண்டு கோலுக்கும் சரி நடுவில வை. மிச்சத்தைப் பூமி பாத்துக்கொள்ளும்” என்பார். 100 மீற்றர் தூரத்தில் வளைவினால் வரும் பிழை ஒரு மில்லிமீற்றரிலும் குறைவு. ஆனாலும் பத்து, இருபது நிலையங்கள் தாண்டும்போது அது சேர்ந்துகொண்டே போகும். கருவியை நடுவில் வைத்தால் முன்கோலிலும் பின்கோலிலும் ஒரே அளவு பிழை விழும், ஒன்றிலிருந்து ஒன்றைக் கழிக்கையில் அது தானாகவே ஒழிந்துவிடும். அவர் சொன்னதன் முழுப் பொருளும் எனக்கு விளங்கப் பல வருடங்கள் சென்றன.

ஈழத்தமிழர் மத்தியில் யூக்கிளிட்டின் கேத்திரகணிதம் முறையான பாடமாக வேரூன்றியது அமெரிக்க மிஷனரிமார் 1823ல் வட்டுக்கோட்டையில் தொடங்கிய செமினரியில். அதே 1823ல்தான் அங்கேரிய நாட்டு இளம் படை அதிகாரி யானோஸ் போல்யாய், யூக்கிளிட்டின் ஐந்தாவது எடுகோளை விட்டுவிட்டே ஒரு புதிய கேத்திரகணிதம் கட்டலாம் என்று தன் தகப்பனாருக்குக் கடிதம் எழுதினார். ஒரு கோட்டுக்கு வெளியே உள்ள ஒரு புள்ளியூடாக ஒரேயொரு சமாந்தரக் கோடுதான் போகும் என்று நாம் பள்ளிக்கூடத்தில் படிப்பது அந்த எடுகோளின் இன்னொரு வடிவம். முக்கோணியின் கோணங்களைக் கூட்டினால் 180 பாகை என்பது அதிலிருந்து வருவது. 1829ல் ருஷியாவின் கசானில் லொபசெவ்ஸ்கி, போல்யாயை அறியாமலே அதே முடிவுக்கு வந்து அச்சிலும் வெளியிட்டார். வட்டுக்கோட்டைப் பிள்ளைகளுக்கு இதெல்லாம் எட்டியிருக்க வழியில்லை. அன்றைக்கு ஐரோப்பியப் பல்கலைக்கழகங்களுக்கே எட்டவில்லை.

இந்த ஐந்தாவது எடுகோளைத் தாளில் சோதிக்க முடியாது. நிலத்தில் சோதிக்கலாமா? அந்தக் கேள்வியை அளவைத் தொழிலின் பக்கம் நெருக்கிக் கொண்டுவந்த வேலைகளில் ஒன்று எங்களுக்கு மிக அருகிலேயே தொடங்கியது. 1802 ஏப்ரல் 10ஆம் திகதி, சென்னை பரங்கிமலைப் பக்கத்தில் பிரித்தானியப் படை அதிகாரி வில்லியம் லாம்ப்டன் தன் முக்கோண அளவைக்கான ஆதாரக்கோட்டை அளக்கத் தொடங்கினார். ஏழரை மைல் நீளக் கோடு. 100 அடி உருக்குச் சங்கிலியைப் பெட்டிகளில் கிடத்தி, வெயிலில் அது நீளுவதைத் தடுக்க நிழல் கட்டி, வெப்பமானி வைத்து, மே மாதம் பிற்பகுதிவரை அளந்தார். சீனச் சக்கரவர்த்திக்கென்று கொண்டுபோகப்பட்டு, அங்கே மதிக்கப்படாமல் திரும்பி வந்த சங்கிலி அது. 1808ல் தஞ்சைப் பெரிய கோயில் கோபுரத்தில் கோணம் அளக்கும் அவருடைய அரைத் தொன் எடையுள்ள பெரிய தியோடலைற்றை ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி வட்டம் நெளிந்துவிட்டது. லாம்ப்டன் கூடாரத்துக்குள் அடைந்து கிடந்து, ஆறு வாரமாகத் தன் கையாலேயே அதை நிமிர்த்தினார். கருவியைப் பழுதாக்கிய பயம் எப்படியென்று அறிந்தவர்களுக்கு அந்த ஆறு வாரம் தெரியும். அவர் தொடங்கிய அளவையைக் கொண்டு, அவருக்குப் பின்வந்த அளவையாளர் எவரெஸ்ட் 1830ல் கணித்த பூமியின் நீள்கோள வடிவமும், நீர்கொழும்புப் பக்கத்துக் கந்தவளை ஆதாரமும்தான் நெடுங்காலம் இலங்கைப் படங்களுக்கு அடிப்படை. எங்கள் ஊர் வயல்களின் படமும் அந்தப் பரங்கிமலைச் சங்கிலியின் வழி வந்ததே.

வளைந்த பூமியின்மேல் பெரிய முக்கோணி எதை எடுத்தாலும் கோணங்கள் 180 பாகைக்குச் சற்றுக் கூடத்தான் வரும். ஏறக்குறைய 197 சதுர கிலோமீற்றருக்கு ஒரு விகலை, அதாவது ஒரு கோணச் செக்கன். 30 கிலோமீற்றர் பக்கமுள்ள சமபக்க முக்கோணியென்றால் 2 விகலை. என் கையில் இருந்தது சுவிஸ் நாட்டு வைல்ட் ரி-2. ஒரு விகலைவரை வாசிக்கலாம். சின்னக் கண்ணாடியில் கோடுகள் பொருந்தி வரும்வரை மூச்சைப் பிடித்துக்கொண்டு திருகியைத் திருப்புவேன். வெயில் ஏறினால் தூரத்து அடையாளம் கானலில் ஆடும், ஆகவே விடியற்காலையிலேயே முடித்துவிட வேண்டும். அந்த ஒரு விகலையில் உலகம் எப்படிப்பட்டது என்ற கேள்வியும் கிடக்கிறது.

ஜேர்மனியின் ஹனோவரை முக்கோணிகளால் அளந்த கணிதர் கௌஸ், ஹோகன்ஹாகன், புறொக்கன், இன்செல்ஸ்பெர்க் என்ற மூன்று உச்சிகளுக்கிடையில் பெரிய முக்கோணி ஒன்றை அமைத்தார். 180 பாகைக்கு மேல் அதன் மிகுதி ஏறத்தாழ 15 விகலை. வெளி யூக்கிளிட்டுக்கு அடங்குகிறதா என்று சோதிக்கத்தான் அவர் அதை அளந்தார் என்ற கதை பிரபலம். வரலாற்றாசிரியர்கள் பலர் அதை ஏற்பதில்லை. கதையைவிடப் பெரியது அவர் 1827ல் நிறுவிய தேற்றம்: ஒரு பரப்பின் வளைவை அறிய அதற்கு வெளியே போய் நிற்கத் தேவையில்லை, பரப்புக்குள்ளேயே அளந்து அறியலாம். நிலத்தைவிட்டு ஒருநாளும் மேலெழும்பாத அளவையாளனுக்கு இதைவிட நல்ல செய்தி உண்டா? 1854 ஜூன் 10இல் அவருடைய மாணவர் றீமான் இதை இரண்டு பரிமாணத்திலிருந்து எத்தனை பரிமாணத்துக்கும் விரித்தார். நாம் நிற்கும் வெளிகூட வளைந்திருக்கலாம், அதை அனுபவம்தான் தீர்க்கவேண்டும் என்றார்.

இது தத்துவத்தில் விழுந்த அடி. யூக்கிளிட்டின் வெளி மனிதமனம் அனுபவத்துக்கு முன்பே வைத்திருக்கும் சட்டகம், அதைச் சோதிக்கவே தேவையில்லை என்பது 1781இல் கான்ற் எழுதிய நூலின் நிலைப்பாடு. கான்ற்றை நான் மதிக்கிறேன். ஆனால் களத்தில் நின்றவனுக்கு அந்த உறுதி வராது. தூக்குக்குண்டையே எடுங்கள். நேரே கீழே தொங்கும் என்றுதான் நம்புகிறோம். வட இந்தியாவில் கலியானா, கலியான்பூர் என்ற இரண்டு இடங்களுக்கிடையில் முக்கோண அளவையும் நட்சத்திர அளவையும் 5 விகலைக்குச் சற்று மேலாக முரண்பட்டன. 1855இல் கல்கத்தாவில் பிறாற் என்ற பாதிரியார், இமயமலை குண்டைத் தன் பக்கம் இழுக்கிறது என்று கணித்துக் காட்டினார். அவர் கணக்குப்படி இழுப்பு அதைவிட மூன்று மடங்கு இருந்திருக்கவேண்டும். மலைகளுக்கு அடியில் பாரம் குறைந்த பாறை வேர் விட்டிருக்கிறது என்று ஆங்கில வானியலாளர் ஏரி (Airy) விளக்கியது அந்த வித்தியாசத்திலிருந்துதான்.

இங்கே கவனியுங்கள். அளவு முரண்பட்டபோது எவரும் யூக்கிளிட்டைக் குறை சொல்லவில்லை, பௌதிகத்தைத் திருத்தினார்கள். எப்போதும் அப்படித்தான் செய்யலாம், கேத்திரகணிதம் நாம் வசதிக்காகத் தெரிவுசெய்யும் ஏற்பாடு என்றார் பிரெஞ்சுக் கணிதர் புவன்காரே. ஐன்ஸ்ரைன் 1915இல் மற்றப் பக்கம் போனார். ஈர்ப்பை ஒரு விசையாக வைத்துக்கொள்வதை விட்டு, கேத்திரகணிதத்தையே மாற்றினார். றீமானின் கணிதம் இல்லாமல் அது நடந்திராது. சூரியனின் விளிம்பை உரசி வரும் நட்சத்திர ஒளி 1.75 விகலை வளையவேண்டும் என்றது அவர் கணக்கு. 30 கிலோமீற்றர் முக்கோணியில் நாங்கள் துரத்தும் மிகுதியும் ஏறக்குறைய அவ்வளவுதான். 1919 மே 29 சூரிய கிரகணத்தில் ஆங்கில வானியலாளர் எடிங்டன் குழுவினர் அதை அளந்தனர். 1955 ஜூன் 20 முழுக் கிரகணத்தின் பாதை இலங்கை மேலாகவே போனது. கருவிகளோடு வெளிநாட்டு வானியலாளர்கள் பொலநறுவைப் பக்கம் வந்து காத்திருந்தார்கள். முகில் மூடிவிட்டது.

முகிலுக்கு அஞ்சாத சோதனை இப்போது ஒவ்வொரு அளவையாளனின் கையிலும் இருக்கிறது. ஜிபிஎஸ் செய்மதிகளின் மணிக்கூடுகள் நிலத்து மணிக்கூட்டைவிட நாளொன்றுக்கு 38 மைக்ரோசெக்கன் முந்தும் என்பது ஐன்ஸ்ரைனின் கணக்கு. அந்த நேரத்தில் ஒளி 11 கிலோமீற்றர் ஓடிவிடும். ஆகவே அந்தத் திருத்தத்தைச் செய்தே கருவி இடம் சொல்கிறது. இடம்பெயர்ந்து திரும்பி வந்து, காடேறிய காணியில் எல்லைக்கல்லைத் தேடிய வன்னிச் சனத்துக்கு, அந்தக் கல்லைக் காட்டித் தரும் கருவிக்குள் றீமானும் இருக்கிறார்.

எங்கள் பிரதேசத்துக் கணித ஆசிரியர்களிடம் ஒன்று கேட்கிறேன். சாதாரண தரப் பிள்ளைகள் தேற்றங்களை மனப்பாடம் செய்து புள்ளி எடுக்கிறார்கள், நல்லது. வருடத்தில் ஒரு காலையாவது அவர்களைக் குளக்கட்டுக்குக் கூட்டிப் போங்கள். மேசன்மார் வைத்திருக்கிற தண்ணீர்க் குழாய் ஒன்றும், இரண்டு தடியும், ஒரு தூக்குக்குண்டும் போதும். மட்டம் பிடிக்கவிடுங்கள். “இது நேர்கோடு என்று உனக்கு யார் சொன்னது?” என்று ஒரு பிள்ளையாவது கேட்டால், பாடத்தை நிறுத்தி வைத்து அந்தப் பிள்ளையோடு இருந்து கதையுங்கள்.